சாமி ஏற்றும் வண்டியில் ஒரு குதிரை

தொண்ணூறுகளில் மாமல்லபுரத்துச் சிற்பக் கூடங்களுக்குப் போய், சிலை கொண்டுபோக நல்ல வண்டி யாருடையது என்று கேட்டால், பத்துப் பேரில் எட்டுப் பேர் சுப்பிரமணியின் பெயரைச் சொல்வார்கள். மீதி இரண்டு பேர் அவரோடு சண்டை போட்டுக்கொண்டவர்களாக இருப்பார்கள். வடகடம்பாடியில் அப்பா விட்டுப்போன நிலத்தை அண்ணனிடம் கொடுத்துவிட்டு ஸ்டியரிங்கைப் பிடித்த மனிதர். கையில் ஒரு 407 மினி லாரி, வாயில் எப்போதும் தன்னுடைய பெருமை. பதினோரு வருஷத்தில் அவர் ஏற்றிப்போன ஒரு சாமிக்குக்கூட மூக்கு நுனி உடைந்ததில்லை, ஒரு விரல் போனதில்லை. இதை அவரே சொல்வார். கேட்காதவர்களிடமும் சொல்வார்.

சிலை கட்டுவதில் அவருக்கு ஒரு முறை இருந்தது. வண்டித் தரையில் ஒரு சாண் ஆற்று மணல், அதன் மேல் வைக்கோல், சிலையைச் சுற்றி வைக்கோல் பிரி, பிரிக்கு மேல் சாக்கு. பிறகு நான்கு பக்கமும் முட்டு, நான்கு மூலைக்கும் இழுத்துக் கட்டிய கயிறு. முகத்துக்கு மட்டும் புதுத் துணி. எல்லாம் முடிந்ததும் சிலையின் தோளில் கை வைத்து முழு பலத்தோடு தள்ளிப் பார்ப்பார். ஒரு நூல் அசைந்தாலும் அவிழ்த்துவிட்டு முதலிலிருந்து கட்டுவார். ஆடாமல் இருந்தால் உடையாது என்பது அவருடைய கணக்கு, கல்லுக்கு அது சரியான கணக்குதான்.

சாருலதா அவரைப் பார்த்தது இப்படி ஓர் எட்டடி துர்க்கையைக் கட்டிக்கொண்டிருந்தபோது. காஞ்சிபுரத்தில் கோயில் கைங்கரியக் குடும்பத்தில் பிறந்து, கல்லூரியில் வேலை பார்த்து, நாற்பது வயதில் அதை விட்டுவிட்டு முட்டுக்காட்டில் குதிரை லாயம் வைத்த பெண்மணி. கிண்டிப் பந்தயத்தில் ஓடி ஓய்ந்த ஆறு குதிரைகளை வாங்கி, சென்னையிலிருந்து வருகிறவர்களுக்குச் சவாரி சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தார். வந்தவர்களுக்கு வேலிக்குள்ளேயே சுற்றிச் சுற்றி அலுத்துவிட்டது. செங்கல்பட்டுப் பக்கம் ஏரிக்கரைகள், மாந்தோப்புகள், பாலாற்று மணல் என்று காலாற ஓட எத்தனையோ இடம் இருக்கிறது. ஆனால் நாற்பது கிலோமீட்டர் தார்ச்சாலையில் ஓட்டிக்கொண்டு போனால் குதிரையின் குளம்பு தாங்காது. வண்டியில்தான் ஏற்றிப் போகவேண்டும்.

"உயிருள்ள ஒண்ணை ஏத்துவீங்களா?" என்று கேட்டார் சாருலதா.

"சாமியே என்ன நம்பி வருது மேடம். குதிர இன்னா பெரிய இது!" என்றார் சுப்பிரமணி.

வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்வது என்றால் இதுதான். ஆனால் அன்றைக்கு அவருக்கு அது தெரியவில்லை.

1997 ஆவணியில் ஒரு காலை. ஒத்திகையாக ஒரே ஒரு குதிரையைச் செங்கல்பட்டு வரை கொண்டுபோய்த் திரும்புவதென்று ஏற்பாடு. பந்தயப் புத்தகத்தில் அந்த வெள்ளைக் குதிரைக்கு நீளமான இங்கிலீஷ் பெயர் இருந்ததாம். லாயத்தில் குதிரைகளைப் பார்த்துக்கொள்ளும் கேசவன் அதற்கு வைத்த பெயர் பவானி. சுபாவத்தில் பயந்த குதிரை. கேசவன் கையில் இருந்த வாளி தவறி விழுந்தாலே நாலடி தள்ளிப்போய் நிற்கும். அப்படிப்பட்டது, கேசவன் முன்னால் நடக்க, நல்லபடியாகவே வண்டியில் ஏறிற்று. அதற்குப் பிறகு சுப்பிரமணி தன் வேலையை ஆரம்பித்தார்.

துர்க்கைக்குக் கட்டியது மாதிரியே கட்டினார். இரண்டு விலாவிலும் வைக்கோல் கட்டுகளைத் திணித்தார். மார்புக்குக் குறுக்கே ஒரு கயிறு, வயிற்றுக்கு அடியில் ஒன்று. தலையை நிமிர்த்தி இரண்டு பக்கமும் குட்டையாக இழுத்துக் கட்டினார். கயிறு உரசாமல் இருக்கப் பழைய வேட்டியைக் கிழித்துச் சுற்றினார் என்பதையும் சொல்லவேண்டும். அக்கறைக்கு ஒன்றும் குறைச்சல் இல்லை.

கேசவன் தயங்கித் தயங்கிச் சொன்னார்: "அண்ணாத்த, தலைய அசைக்க எடம் வேணும். ரேஸ் வேன்ல இம்மாம் இறுக்கமா கட்டமாட்டாங்க."

"குதிரைய நீ பாத்துக்க. கயித்த நான் பாத்துக்கறேன்."

கேசவன் பின்னால் குதிரையோடு ஏறிக்கொண்டார்.

திருப்போரூர் தாண்டி, காட்டு வளைவில், எதிரே வந்த பஸ் ஒன்று மாட்டு வண்டியை முந்திக்கொண்டு வந்தது. சுப்பிரமணி பிரேக்கை மிதித்தார். பெரிய பிரேக்குகூட இல்லை, தினமும் நாலு தடவை போடுகிற பிரேக்தான். பின்னால் ஒரு சத்தம் கேட்டது. பதினோரு வருஷத்தில் அவர் வண்டியில் அப்படி ஒரு சத்தம் கேட்டதில்லை. கேசவன் கேபினை இரண்டு கையாலும் தட்டிக்கொண்டே கத்தினார்.

சுப்பிரமணி ஓடிப்போய்ப் பார்த்தார். பவானியின் முன்னங்கால்கள் வைக்கோலில் வழுக்கி மடிந்திருந்தன. தலையைத் தாழ்த்தி நிலை பிடிக்கக் கயிறு விடவில்லை, காலை அகட்டி ஊன்ற வைக்கோல் கட்டு விடவில்லை. கழுத்துக் கயிற்றில் பாதி உடம்பு தொங்க, பின்னங்காலால் பலகையை உதைத்துக்கொண்டிருந்தது. கேசவன் புல்லறுக்கும் அரிவாளால் கயிற்றை அறுத்தார். குதிரை விழுந்து, புரண்டு, எழுந்து நின்றது. இரண்டு முட்டியிலும் தோல் வழன்று ரத்தம், இடது கண்ணுக்கு மேல் ஒரு கிழிசல். உடம்பு பூராவும் நடுங்கிக்கொண்டிருந்தது.

ஒரு மேட்டில் வண்டியை ஒட்டவைத்து இறக்கினார்கள். மறுபடி ஏற்ற முடியவில்லை. வண்டியின் பக்கம் முகத்தைத் திருப்பினாலே இரண்டு காலில் எழுந்து நின்றது. கடைசியில் வண்டியை ஒரு டீக்கடை ஓரம் விட்டுவிட்டு, முட்டுக்காடு வரை இருபது கிலோமீட்டர் நடத்தியே கூட்டிப் போனார்கள். கேசவன் தலைக்கயிற்றைப் பிடித்துக்கொண்டு முன்னால் போனார். சுப்பிரமணி இருபதடி தள்ளிப் பின்னால் வந்தார், அதற்குமேல் கிட்டே வரப் பவானி விடவில்லை. வழி நெடுக அவர் பார்த்துக்கொண்டு வந்தது அந்த முட்டிகளிலிருந்து சொட்டிய ரத்தத்தைத்தான். அன்றைக்கு அவருக்கு வந்த அவமானம், சொந்த பந்தத்தின் முன்னால் செருப்படி வாங்கியிருந்தால்கூட வந்திருக்காது.

சாருலதா முதலில் குதிரைக்கு மருந்து போட்டு முடித்தார். பிறகு திரும்பினார்.

"கேசவன் எதுவும் சொல்லலையா?"

"சொன்னாரு."

"அப்புறம்?"

"நான் கேக்கல மேடம்."

அவர் திட்டியிருந்தால் தேவலை. திட்டவில்லை. "இங்க சுத்தறதுக்கு வயசான குதிரை ரெண்டு இருக்கு, சுப்பிரமணி. மத்ததெல்லாம் வெளிச் சவாரிக்குப் போயாகணும். வண்டி ஏறாத குதிரையை வெச்சுண்டு நான் என்ன பண்ணுவேன்? சவுகார்பேட்டையில ஒருத்தர் கல்யாண ஊர்வலத்துக்கு வெள்ளைக் குதிரை கேட்டுண்டே இருக்கார். பொங்கல் வரைக்கும் பார்க்கறேன்" என்றார்.

வெளியே வந்ததும் கேசவன் மூக்கை உறிஞ்சினார். "கல்யாண ஊர்வலம்னா இன்னான்னு தெரியுமா அண்ணாத்த? பேண்டு, ஜெனரேட்டரு, காலுகிட்ட சரவெடி. வாளி சத்தத்துக்கே ஒதறுது இது. மூணு மாசம் தாங்காது."

சுப்பிரமணி திரும்ப உள்ளே போய், "பொங்கல் வரைக்கும் அத்த என்கிட்ட வுடுங்க மேடம். நான் கெடுத்தத நானே சரி பண்றேன்" என்று சொல்லிவிட்டு வந்தார். எப்படிச் சரி பண்ணுவது என்று அவருக்குக் கொஞ்சமும் தெரியாது.

வீட்டில் அவர் மனைவி வேண்டா முழுக் கதையையும் கேட்டாள். நாலாவதும் பெண்ணாகப் பிறந்ததால் அப்படிப் பெயர் வைத்துவிட்டார்கள். ஆனால் அந்த வீட்டில் அவளைக் கேட்காமல் அடுப்புகூட எரியாது. "உன்ன அப்டி வச்சிக் கட்டி இட்டுகினு போனா தெரியும் உனக்கு" என்றாள். கோபத்தில் சொன்ன வார்த்தை. வேறு ஆளாக இருந்தால் காதில் போட்டுக்கொண்டிருக்க மாட்டான். சுப்பிரமணி மறுநாள் காலை மச்சான் ஜெயக்குமாரைக் கூப்பிட்டு, குதிரைக்குக் கட்டியது போலவே தன்னை வண்டியில் கட்டச் சொன்னார். இரண்டு பக்கமும் வைக்கோல், மார்புக்கு ஒரு கயிறு, தலை அசையாமல் நெற்றிக்கு ஒரு துண்டு. ஜெயக்குமாருக்கு இதைவிட நல்ல காலை வாழ்க்கையில் வாய்த்திருக்காது. இழுத்து இழுத்துக் கட்டினான்.

மாமல்லபுரத்திலிருந்து திருக்கழுக்குன்றம் வரை அப்படியே போனார்கள். கடைத்தெருவில் சிற்பிகள் உளியைக் கீழே வைத்துவிட்டு வேடிக்கை பார்த்தார்கள். "எந்தக் கோயிலுக்குப்பா போவுது? கும்பாபிசேகம் எப்போ?" என்று ஒருவர் கத்தினார். சுப்பிரமணியால் தலையைத் திருப்பி அவரை முறைக்கக்கூட முடியவில்லை. முதல் பிரேக்கில் கயிறு மார்பை அறுத்தது. இரண்டாவதில் கால் வழுக்கிற்று. திருப்பத்தில் உடம்பு ஒரு பக்கம் போக, தலை மட்டும் அங்கேயே நிற்க, கழுத்து இற்றுவிடும் போல இருந்தது. எப்போது பிரேக் வரும் என்று தெரியாமல் நிற்பதுதான் எல்லாவற்றையும்விடக் கொடுமையாக இருந்தது.

திரும்பி வரும்போது கயிறெல்லாம் அவிழ்க்கச் சொன்னார். வைக்கோலைத் தள்ளிவிட்டு, கையால் எதையும் பிடிக்காமல், வெறும் காலில் நின்றார். கால் தானாக அகன்றது. பிரேக் போடும்போது தலை தாழ்ந்தது, முட்டி மடங்கிக் கொடுத்தது. இரண்டு தடவை விழப் போனார், விழவில்லை. உயிருள்ளது ஆடித்தான் நிற்கும், ஆட இடம் கொடுத்தால் விழாது என்று அவருக்குப் புரிந்தபோது, பவானியின் முட்டி ஞாபகம் வந்து கண் கலங்கிவிட்டது.

"மச்சான், இன்னாடா இப்டி ஓட்டற நீ?" என்று இறங்கியதும் கேட்டார்.

"நீ எப்டி ஓட்டுவியோ அப்டித்தான் மாமா ஓட்டினேன்."

சுப்பிரமணி மார்பில் கயிறு பதிந்த தடத்தைத் தடவிக்கொண்டார்.

அந்த மாதம் சிலை வேலையைக் குறைத்துக்கொண்டு வண்டியைப் பிரித்துப் போட்டார். கல்லுடைக்கும் கிரஷரில் கழித்துப்போட்ட ரப்பர் பெல்ட்டை வாங்கிவந்து தரையில் பதித்தார், குளம்பு வழுக்காது. வண்டிக்கு நடுவே நீளவாக்கில் ஒரு தடுப்பு வைத்து இரண்டு குதிரைக்கு இடம் பண்ணினார். தடுப்பு கீழே வரை வரவில்லை, காலை அகட்ட இடம் வேண்டும் என்று பாதியிலேயே நிறுத்தினார். மார்புக்கு நேராக ஒரு குழாய், அதைச் சுற்றி தேங்காய் நார் திணித்த மெத்தை. தலைக்கயிறு, குதிரை தலையைத் தாழ்த்தி மூக்குச் சிந்தும் அளவு நீளம். அதையும் ஒரு இழுப்பில் அவிழும் முடிச்சாகத்தான் போடுவார். ஏறுவதற்கு நீளமான சாய்வுப் பலகை, அதில் குறுக்கே சவுக்குச் சட்டங்கள். ஏர் ஹாரனைக் கழற்றி ஜெயக்குமாரிடம் கொடுத்துவிட்டார். இறக்கும்போது தலைக்கயிற்றை அவிழ்க்காமல் பின்கதவைத் திறக்கக்கூடாது என்று கேசவன் சொன்னார். இந்தத் தடவை கேட்டுக்கொண்டார்.

2003, 2004 வாக்கில் கிழக்குக் கடற்கரைச் சாலையில் வேறு சில லாயங்கள் வந்தபோது, அவர்களெல்லாம் டேப் கொண்டுவந்து அளந்துகொண்டு போனது இந்த வண்டியைத்தான். "குதிரை வண்டிக்காரரே" என்று யாராவது கூப்பிட்டால் மட்டும் அவருக்குச் சுர்ரென்று வரும். "குதிர இழுக்கற வண்டி இல்லய்யா, குதிரைய இட்டுகினு போற வண்டி" என்பார்.

ஆனால் வண்டியை மாற்றிவிட்டால் குதிரை மாறிவிடுமா? புரட்டாசியில் மாற்றிக் கட்டிய வண்டியை லாயத்துக்குள் கொண்டு நிறுத்தியபோது பவானி வேலியின் கடைசி மூலைக்குப் போய் நின்றுகொண்டது. சுப்பிரமணி அதை இழுக்கவில்லை, கூப்பிடக்கூட இல்லை. என்ஜினை நிறுத்தி, பலகையை இறக்கிவிட்டு, வண்டிக்குள்ளே போய்க் குதிரைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, வேண்டா கட்டிக்கொடுத்த சாப்பாட்டைச் சாப்பிட்டார். சாப்பிட்டுவிட்டுப் போய்விட்டார். மறுநாளும் அதேதான். அதற்கு மறுநாளும்.

பத்து நாளில் பவானி மூலையை விட்டு நடுவேலிக்கு வந்தது. ஒரு மாதத்தில் பலகையை முகர்ந்து பார்த்தது. வண்டிக்குள் ஒரு கூடையில் ஊறவைத்த கொள்ளு இருக்கும், அதைத் தின்பதும் தின்னாததும் அதன் இஷ்டம். ஐப்பசி மழையில் ஒரு நாள் முன்னங்கால் இரண்டையும் பலகை மேல் வைத்துவிட்டு, நனைந்துகொண்டே நின்றது. சுப்பிரமணி உள்ளே மூச்சுவிடாமல் உட்கார்ந்திருந்தார். சோறு கையிலேயே காய்ந்துபோயிற்று.

"கண்ணாலம் கட்டி பதினாறு வருசம் ஆவுது. எனக்கு ஒரு நாளாவது இப்டி காத்துகினு இருந்திருக்கியாய்யா?" என்று கேட்டாள் வேண்டா. அவருக்கு அசடு வழிந்தது.

கார்த்திகையில் முழுசாக ஏறிற்று. பிறகு உள்ளே நிற்கும்போது என்ஜினை மட்டும் போட்டு அணைத்தார். பிறகு பத்தடி நகர்த்தினார். பிறகு கோவளம் வரை. மார்கழி பாதியில், வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த சாருலதா கிட்டே வந்தார்.

"பொங்கலுக்கு முந்தின சனிக்கிழமை செங்கல்பட்டு போகலாம். ஆனா இங்கேருந்து ஏறினா மட்டும் போதாது, சுப்பிரமணி. பழகின எடத்துல எதுவும் ஏறும். அங்க, புது எடத்துல, சவாரி முடிஞ்சு திரும்ப ஏறணும். ஏறினா பவானி நம்மளோட இருக்கும். திங்கட்கிழமை அந்தக் கல்யாணக்காரர் வரார்."

அந்தச் சனிக்கிழமை அவர் ஓட்டியது போல வாழ்நாளில் வண்டி ஓட்டியதில்லை. முப்பதைத் தாண்டவில்லை. முன்னால் நிறுத்தம் இருக்கிறதென்று தெரிந்தால் இரண்டு மின்கம்பத்துக்கு முன்பே காலை எடுத்துவிடுவார். திருப்பங்களில் ஊர்ந்தார். பின்னால் வந்த பஸ்காரர்கள் ஹாரன் அடித்தே ஓய்ந்தார்கள், ஒருவன் அவருடைய குலத்தையே இழுத்துத் திட்டிவிட்டுப் போனான். எல்லாவற்றுக்கும் சிரித்துக்கொண்டே கையை ஆட்டினார். வழியில் இரண்டு தடவை நிறுத்திப் பார்த்தார். பவானியும், அதற்குத் துணையாக ஏற்றிவந்த ராஜா என்கிற கிழட்டுக் குதிரையும் வைக்கோலை மென்றுகொண்டிருந்தன.

செங்கல்பட்டுக்குக் கிழக்கே ஓர் ஏரிக்கரையை ஒட்டிய மாந்தோப்பில் வண்டியை நிழலில் நிறுத்தி இறக்கினார்கள். முட்டுக்காட்டுக் கிணற்றுத் தண்ணீர் கொஞ்சம் கரிக்கும், அதுவே குடித்துப் பழகிய குதிரைகள் செங்கல்பட்டின் நல்ல தண்ணீரை வாயில் வைக்காது என்று கேசவன் சொல்லியிருந்தார். அதனால் சுப்பிரமணி இரண்டு டிரம்மில் உப்புத் தண்ணீர் ஏற்றி வந்திருந்தார். தோப்புக்காரர் அதைக் குடித்துப் பார்த்துத் துப்பிவிட்டு, இவர்களை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

சாருலதா பவானி மேலும், சென்னையிலிருந்து காரில் வந்திருந்த ஒருவர் ராஜா மேலும் ஏறிப் புறப்பட்டார்கள். சுப்பிரமணி வண்டியிலேயே இருக்கவேண்டியவர். இருக்க முடியவில்லை. பலகையை இறக்கியபடியே விட்டுவிட்டு, கேசவனோடு கரைமேல் நடந்தார். முன்னால் வெகுதூரத்தில், காலை வெயிலில், பவானி அவ்வளவு அழகாகத் தாவிப் போய்க்கொண்டிருந்தது. முட்டியில் வடு மட்டும் இருந்தது, நடையில் ஒரு குறையும் இல்லை.

மறுகரையில் ஒரு சாவு ஊர்வலம் வந்துகொண்டிருந்தது. நல்லபடியாக வாழ்ந்து முடித்த கிழவர் போலிருக்கிறது, மேளமும் பூவுமாக அமர்க்களமாக வந்தார்கள். மேளத்தைக் கேட்ட உடனேயே சாருலதா குதிரையைத் திருப்பினார். அதற்குள் பத்தாயிரம் வாலா ஒன்றைக் கொளுத்திப் போட்டுவிட்டார்கள்.

ராஜாவுக்குக் காது பாதி செவிடு. நாலடி விலகி நின்றுவிட்டது. பவானி வானத்துக்கும் பூமிக்குமாக எழும்பியது. சாருலதா பக்கத்து வயல் சேற்றில் போய் விழுந்தார். குதிரை லகான் தொங்கத் தொங்க வரப்பு, வாய்க்கால் எல்லாம் தாண்டிப் பனைமரங்களுக்குப் பின்னால் மறைந்துவிட்டது. அந்தத் திசையில் இரண்டு கிலோமீட்டரில் ஜி.எஸ்.டி. ரோடு. நாளெல்லாம் லாரி ஓடுகிற ரோடு.

"எனக்கு ஒண்ணுமில்ல! அதைப் பாருங்க!" என்று சேற்றிலிருந்து கத்தினார் சாருலதா.

சுப்பிரமணி ஓடினார். ஐம்பதை நெருங்கும் உடம்பு, செருப்பு எங்கேயோ போயிற்று. வழியில் பார்த்தவர்களையெல்லாம் கேட்டார். "வெள்ளக் குதிரயா? இப்பதான் இப்டி போச்சு" என்றாள் கீரை பறித்துக்கொண்டிருந்த ஒருத்தி. "குதிரயா? இங்க ஏது?" என்றான் சைக்கிளில் வந்தவன். ரோட்டுக்கு வந்து இரண்டு பக்கமும் பார்த்தார். லாரி மேல் லாரியாகப் போய்க்கொண்டிருந்தது. எங்கேயாவது கூட்டம் கூடியிருக்கிறதா, வண்டி நின்றிருக்கிறதா என்று கண்ணால் துழாவினார். பேசாமல் அந்தக் கல்யாணக்காரரிடமே விட்டிருந்தால் உயிரோடாவது இருக்குமே, என் வீம்புக்காக இத்தனை தூரம் இழுத்துவந்து கொன்றுவிட்டேனே என்று வாய்விட்டே புலம்பினார்.

நடந்து தேடினால் ஆகாது, வண்டியை எடுத்துக்கொண்டு ரோடு நெடுகப் பார்த்துவிடுவோம் என்று பின்னாலேயே ஓடிவந்த கேசவன் சொன்னார். சரியென்று மூச்சு வாங்க வாங்கத் தோப்புக்குத் திரும்பினார்கள். பலகையைத் தூக்கிப் போட்டுவிட்டுக் கிளம்பவேண்டியதுதான் என்று சுப்பிரமணி வண்டியின் பின்பக்கம் வந்தார்.

வந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

பவானி உள்ளே நின்றுகொண்டிருந்தது. தன்னுடைய இடது பக்கத்து இடத்தில், மார்பு குழாயில் பட, தலையைத் தாழ்த்தி நின்றது. உடம்பெல்லாம் வியர்வையும் நுரையும், லகான் அறுந்து தொங்கிற்று, வாலில் முள். அந்தப் பெரிய வெளியில், தனக்கு ஆபத்து என்று தோன்றிய நிமிஷத்தில், அது தேடிக்கொண்டு ஓடி வந்த இடம் அவருடைய வண்டி.

கேசவன் கயிற்றை எடுக்கப் போனார். சுப்பிரமணி அவர் கையைப் பிடித்து நிறுத்திவிட்டு, பலகையின் ஓரத்தில் உட்கார்ந்து, வெட்கப்படாமல் அழுதார். பவானி ஒரு தடவை திரும்பிப் பார்த்துவிட்டு மறுபடி தலையைத் தாழ்த்திக்கொண்டது.

கொஞ்ச நேரத்தில் சாருலதா வந்து சேர்ந்தார், தலையிலிருந்து கால்வரை சேறு. கூடவே தோப்புக்காரர், கீரைக்காரி, ஊர்வலத்திலிருந்து வந்த ஏழெட்டுப் பேர். எல்லோரும் வண்டிக்குப் பின்னால் கூடிவிட்டார்கள். வெடி போட்டவன் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு நின்றான்.

"எப்படி ஏத்தினீங்க?" என்று கேட்டார் சாருலதா.

"நான் ஏத்தல மேடம்" என்றார் சுப்பிரமணி. வேட்டி நுனியால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "நாங்க ரோட்டுல தேடிகினு இருந்தோம். யாரும் ஏத்தல. அதுவா வந்து ஏறிகினு கீது."

சாருலதா உள்ளே எட்டிக் குதிரையின் கால்களைப் பார்த்தார். பிறகு சேற்றுக் கையைச் சுப்பிரமணியின் தோளில் வைத்து, "ஊருக்குள்ள எஸ்.டி.டி. பூத் இருக்கா? அந்தக் கல்யாணக்காரருக்கு வரவேண்டாம்னு சொல்லணும்" என்றார்.

தோப்புக்காரர் வழி காட்டினார். கேசவன் பலகையைத் தூக்கக் குனிந்தார். "மூடிடட்டுமா அண்ணாத்த? மறுபடியும் எறங்கி ஓடிடப் போவுது."

"ஓடாது" என்றார் சுப்பிரமணி. எழுந்து, கூடியிருந்தவர்களைப் பார்த்து, அவர்களுக்கு நன்றாகத் தெரியும்படி ஒரு ஓரமாக நகர்ந்து நின்றார். "கட்டவும் வேணாம். கொஞ்ச நேரம் தொறந்தே கெடக்கட்டும். எல்லாரும் பாக்கட்டும்."